நோர்வே, 1985

ஒஸ்லோச் சித்தப்பா லீவில வவுனியா வந்து நிக்கிறார்.
85இல படிக்கவெண்டு போனவர்.

நோர்வேப் பாட்டுக்காரருக்கு அது கொண்டாட்ட வருசம்.
யூரோவிஷன் பாட்டுப் போட்டியில 78இலயும் 81இலயும் முட்டை வாங்கின நாடு.
85 மே மாதம், அதுவும் சுவீடன் மண்ணில, பொபிசொக்ஸ் எண்ட ரெண்டு பெண்கள் முதல் தடவையா வெண்டு குடுத்தினம்.
ஒக்டோபரில நோர்வேக் குழு ஆ-ஹாவின்ர ‘ரேக் ஒன் மீ’ பாட்டு அமெரிக்காவில முதலிடம்.

“அந்த நேரம் ஊரே ஆடியிருக்குமே சித்தப்பா?”

“ஆருக்குத் தெரியும் தம்பி. குளிரில விறைச்சுக்கொண்டு அறைக்குள்ள சுசீலாவின்ர கசட்தான் கேட்டனாங்கள்.”

இரவிரவா யூரியூப்பில படிச்ச உலக இசை மேதை நான், பேசாமல் தேத்தண்ணியக் குடிச்சன்.

அவற்ர மகள் இப்ப பியானோவில நோர்வே இசையமைப்பாளர் கிரீக்கின்ர இசை வாசிக்கிறாளாம். அதச் சொல்லேக்க மட்டும் மனுசன்ர முகத்தில ஒரு வெளிச்சம்.

உங்கட வெளிநாட்டுச் சொந்தங்கள் போய்ச் சேந்த வருசம் அங்க என்ன பாட்டு ஓடினது? கேட்டுப் பாத்தனீங்களோ?