தோலையும் எறியாதீர்

மாசித் திங்கள் பிறந்துவிட்டால், விழுப்புரத்திற்கும் திண்டிவனத்திற்கும் இடையே நெடுஞ்சாலையோரமெங்கும் தர்ப்பூசணிக் குவியல்களைக் காண்கிறோம். மார்கழியிலும் தையிலும் விதையூன்றி, ஏறத்தாழ 70 நாள்கள் நீர் பாய்ச்சிக் காத்த உழவரின் உழைப்பு அது.

2025-ஆம் ஆண்டுக் கோடையில், பழத்தில் ஊசிவழியாகச் சாயம் ஏற்றப்படுகிறது என்ற பேச்சு பரவிற்று. மக்கள் வாங்க அஞ்சினர்; விலை வீழ்ந்தது; உழவர் கண்ணீர் வடித்தனர். அச்செந்நிறமோ தக்காளியிலும் உள்ள லைக்கோபீன் எனும் இயற்கைப் பொருளால் வருவதே.

அன்று வதந்தியால் உழைப்பு வீணாயிற்று. நம் இல்லங்களிலோ ஆண்டுதோறும் நம் கையாலேயே வீணாகிறது. பழத்தின் எடையில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு தோலே. அதனைக் குப்பையில் எறிந்துவிட்டு, ஊறுகாய்க்குக் கடைக்குச் செல்வது இல்லறத்திற்கு அழகாகுமா?

பச்சைத் தோலை மட்டும் சீவி நீக்கி, வெண்மையான பகுதியைச் சிறு துண்டுகளாக நறுக்குங்கள். ஒரு கிலோவுக்கு 75 கிராம் கல்லுப்பு கலந்து, பீங்கான் ஜாடியில் ஓரிரவு வையுங்கள். பத்தில் ஒன்பது பங்கு நீரே ஆதலால், உப்பு அந்நீரை வெளியே இழுத்துவிடும். காலையில் பிழிந்து, வெள்ளைத் துணியில் பரப்பி, ஒரு பகல் வெயிலில் உலர்த்துங்கள். பின்னர் 150 மில்லி நல்லெண்ணெயைக் காயவைத்து, கடுகு தாளித்து இறக்கி, பெருங்காயம், 40 கிராம் மிளகாய்த்தூள், வறுத்துப் பொடித்த வெந்தயம் ஆகியவற்றோடு துண்டுகளையும் இட்டுக் கிளறுங்கள். ஆறியபின் ஆறு எலுமிச்சம்பழங்களின் சாற்றைச் சேருங்கள். மாங்காய்க்குள்ள புளிப்பு இதற்கு இல்லை. கெடாமல் காப்பது புளிப்பே. ஆதலின் எலுமிச்சையைக் குறைத்தல் ஆகாது. மூன்று நாள்கள் ஊறினால் போதும். ஈரக் கரண்டி படலாகாது. சிறிதளவே செய்து, இரண்டு வாரங்களுக்குள் உண்டு முடிப்பது நலம்.

இச்சிக்கனம் நமக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்காவின் தென் மாநிலங்களில் இத்தோலையே வினிகர், சர்க்கரை, கிராம்பு சேர்த்து ஊறவைக்கின்றனர். ருசிய நாட்டினரோ முழுப் பழத்தையே உப்புநீரில் இடுகின்றனர்.

புலால் தவிர்க்கும் தவக்காலமும் தர்ப்பூசணிப் பருவமும் பெரும்பாலும் ஒன்றாகவே வருகின்றன. தயிர்ச்சோற்றுக்கு இதைவிட எளிய துணை வேறில்லை. இவ்வாண்டு வதந்திக்குச் செவிகொடாது, சாலையோரத்து உழவரிடமே ஒரு பழம் வாங்குவோம். அவர் வியர்வையில் விளைந்ததில் ஒரு துண்டும் வீணாகாமல் காப்போம்.