அரை மணி நேரம் கூடினால் சூப்பர்மேன் மாறிவிடுகிறார்

தமிழ்நாட்டில் ஒரு படம் ரிலீஸான பிறகு வளராது, சுருங்கும். 2024 ஜூலையில் ‘இந்தியன் 2’, அதே வருடம் நவம்பரில் ‘கங்குவா’, இரண்டும் தியேட்டருக்கு வந்த சில நாட்களிலேயே சுமார் 12 நிமிடம் வெட்டப்பட்டன. தியேட்டர்காரருக்கு ஒரு நாளைக்கு நாலு காட்சி ஓட்டியாக வேண்டும். சென்னையில் படம் பார்த்துவிட்டுக் கடைசி மின்சார ரயிலில் திருநின்றவூர் திரும்புகிறவருக்கும் அரை மணி நேரம் என்பது லேசுப்பட்ட விஷயம் இல்லை.

ஹாலிவுட் சூப்பர் ஹீரோ படங்களில் நடப்பது இதற்குத் தலைகீழ். தியேட்டரில் குட்டையாக வந்த படம், பிறகு ‘டைரக்டர்ஸ் கட்’ என்ற பெயரில் நெட்டையாக வரும். இன்னும் நாலு சண்டை இருக்கும் என்று நம்பித்தான் பலரும் உட்காருகிறார்கள். ஆனால் பெரும்பாலும் கூடுவது சண்டை இல்லை, ஹீரோவின் வேலை! கத்தரிக்கோல் முதலில் தொடுவது அதைத்தானே.

2003-ல் வந்த ‘டேர்டெவில்’ படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். தியேட்டரில் 103 நிமிடம், மறு வருடம் வந்த டைரக்டர்ஸ் கட்டில் 133. ஹீரோ பார்வையில்லாத வக்கீல். தியேட்டர் பிரதியில் அவருடைய கோர்ட்டு வாழ்க்கை ஊறுகாய் அளவுதான். நீளமான பிரதியில் ஒரு கொலை வழக்கு முழுசாக வருகிறது, அதன் நூலைப் பிடித்தே வில்லன் வரைக்கும் போகிறார். மொட்டைமாடியில் காதலி ‘இரு’ என்கிறாள், தூரத்தில் யாரோ உதவிக்குக் கத்துகிறார்கள். தியேட்டர் பிரதியில் ஹீரோ காதலியோடு தங்கிவிடுகிறார். டைரக்டரின் பிரதியில் கத்தியவரைத் தேடிப் போகிறார். ஒரே ஆள், ஒரே இரவு. இரண்டில் எது சூப்பர் ஹீரோ?

(இனி வரும் இரண்டு பத்திகளில் கதை உடைகிறது. படம் பார்க்காதவர்கள் தாண்டிப் போய்விடலாம்.)

‘பேட்மேன் வெர்சஸ் சூப்பர்மேன்’ 2016 மார்ச்சில் 151 நிமிடப் படமாக வந்தது. நிறைய பேர் திட்டினார்கள். சூப்பர்மேன் ஏன் எப்போதும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறார், அத்தனை சக்தி இருந்தும் கண்ணெதிரே இருந்த வெடிகுண்டு ஏன் தெரியவில்லை? சில மாதங்களில் 182 நிமிடப் பிரதி வந்தது. அதில் கிளார்க் கென்ட் நிஜமான நிருபராக வேலை பார்க்கிறார், தெருத்தெருவாகப் போய் விசாரிக்கிறார். ஆப்பிரிக்கக் கொலைகளின் பழி அவர் மீது விழுந்ததற்கும் காரணம் தெரிகிறது, சாட்சி சொன்ன பெண் மிரட்டப்பட்டவள். குண்டு இருந்த சக்கர நாற்காலியில் ஈயத் தகடு பொருத்தியிருந்தார்கள், ஈயத்தை ஊடுருவி அவரால் பார்க்க முடியாது. குண்டு வெடித்த பிறகு நெருப்பின் நடுவே சும்மா நின்றவர், இதில் காயம்பட்டவர்களைத் தூக்கிக்கொண்டு வெளியே வருகிறார். வெட்டியவர்கள் சில நிமிடங்களோடு அவருடைய மனசையும் வெட்டிவிட்டார்கள்!

‘ஜஸ்டிஸ் லீக்’ இன்னும் சோகம். மகள் இறந்ததால் இயக்குநர் ஸாக் ஸ்னைடர் 2017 மே மாதத்தில் பாதியில் விலகினார். வேறொருவர் பல காட்சிகளைத் திரும்ப எடுத்தார், நவம்பரில் இரண்டே மணி நேரப் படமாக வந்தது. ரசிகர்கள் விடாமல் கேட்டு, கூடவே தற்கொலைத் தடுப்புக்கு நிதியும் திரட்டினார்கள். 2021 மார்ச் 18-ல் 242 நிமிடப் பிரதி வெளியானது. முதல் பிரதியில் ஓரமாக நின்ற சைபார்க்தான் இதில் படத்தின் உயிர். கஷ்டப்படும் ஒரு தாயின் வங்கிக் கணக்கில் யாருக்கும் தெரியாமல் பணம் போடுகிறான். தியேட்டர் பிரதியில் பிழைத்துக்கொண்ட அவன் அப்பா, இதில் மகன் கண்ணெதிரே உயிரைக் கொடுக்கிறார்.

நீளம் எல்லாமே நல்லது என்று சொல்ல முடியாது. அதே நாலு மணி நேரத்தில் ஸ்லோமோஷனை மட்டும் சாதாரண வேகத்தில் ஓட்டினால் ஒரு டீ குடித்துவிட்டு வரலாம். ‘வாட்ச்மென்’ படத்தின் 215 நிமிடப் பிரதியில் நடுநடுவே வரும் கடற்கொள்ளைக்காரன் கார்ட்டூன், புத்தகத்தைப் படித்தவர்களுக்கு மட்டும் விருந்து.

நம்மூர்க் கணக்கே வேறு. 2009-ல் சேவல் வேஷம் போட்ட விக்ரம், ‘கந்தசாமி’யில் சிபிஐ அதிகாரியாகவும் இருந்தார், கூடவே வடிவேலுவும் உண்டு. மூன்று மணி நேரத்துக்கும் மேல்! நமக்கு எக்ஸ்டெண்டட் கட் முதல் நாளே வந்துவிடுகிறது, அப்புறம்தான் கத்தரி.

இப்போது அந்தப் பழக்கமும் மாறப் பார்க்கிறது. 2024 டிசம்பரில் வந்த ‘புஷ்பா 2’-க்கு, 2025 ஜனவரியில் 20 நிமிடம் சேர்த்துத் தியேட்டரிலேயே ஓட்டினார்கள். ஏற்கெனவே பார்த்தவர் அந்த 20 நிமிடத்துக்காக இன்னொரு முழு டிக்கெட் எடுக்க வேண்டும். 2016-ல் சூப்பர்மேனுக்கு டிக்கெட் எடுத்தவர்களின் நிலைமையும் இதுதான். அவர்களில் எத்தனையோ பேர் இன்னும் அந்த மனிதரை உம்மணாமூஞ்சி என்றுதான் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். ஈயத் தகடு விஷயத்தை அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை.