ப்ளெத்தோடான்டிடே: நுரையீரல் இல்லாததற்குப் பல் என்று பெயர்

மக்களே, தலைப்பைப் பார்த்து ஓடிவிடாதீர்கள். பி.காம். படிக்கிற ஆளுக்கு இந்த வேலை எதற்கு என்று கேட்பீர்கள், தெரியும். ரூம்மேட் விலங்கியல். அவனுடைய புத்தகத்தைச் சும்மா புரட்டியபோது இந்த வார்த்தை கண்ணில் பட்டது. பக்கத்தில் 'நுரையீரலற்ற சாலமாண்டர்கள்' என்று போட்டிருந்தது. சரி, அப்படியானால் வார்த்தைக்கு அர்த்தம் 'நுரையீரல் இல்லாதது' என்றுதானே இருக்கணும்? இல்லை. அதற்கும் நுரையீரலுக்கும் ஸ்நானப் பிராப்தி கூடக் கிடையாது. அங்கேதான் ஆர்வம் தொற்றியது.

கிரேக்கத்தில் 'ப்ளெத்தோஸ்' என்றால் நிறைய, ஏராளம். 'ஓடோன்' என்றால் பல். ஆக 'ப்ளெத்தோடான்' என்றால் பல் நிறைய உள்ளது. இந்தச் சாலமாண்டர்களின் மேலண்ணத்தில் பொடிப்பொடியாக ஏகப்பட்ட பற்கள் இருக்கும். 1838இல் ச்சூடி என்ற சுவிஸ் இயற்கையியலாளர் அதைக் கொண்டே ஒரு பேரினத்துக்கு ப்ளெத்தோடான் என்று பெயர் வைத்தார். 1850இல் லண்டன் அருங்காட்சியகத்தில் இருந்த கிரே, அந்தப் பேரினத்தின் பெயரிலிருந்து ஒரு குடும்பத்துக்கே பெயர் உண்டாக்கினார். அதுதான் ப்ளெத்தோடான்டிடே.

இதில் ஒரு சின்ன சந்தேகம் வரும். ப்ளெத்தோடான் என்பதில் கடைசியில் 'ட்' இல்லையே, குடும்பப் பெயரில் மட்டும் 'ன்டி' என்று ஒரு 'ட்' எங்கிருந்து குதித்தது? நம்ம தமிழ் ஆசிரியரைக் கேட்டால் ஒரு நொடியில் சொல்லிவிடுவார். மரம் என்பதோடு 'ஐ' சேர்ந்தால் 'மரமை' என்றா சொல்கிறோம்? மரத்தை என்கிறோம். நடுவில் 'அத்து' என்று ஒரு சாரியை வந்து உட்காருகிறது. கிரேக்கத்திலும் கிட்டத்தட்ட அதே கதைதான். ஓடோன் தனியாக நிற்கும்போது ஒரு வடிவம், வேற்றுமை ஏறும்போது 'ஓடோன்ட்' என்று இன்னொரு வடிவம். அந்த இரண்டாவது வடிவத்தோடு 'இடே' சேர்ந்தால் விலங்குக் குடும்பம். பல்லுக்குக் கம்பி கட்டுகிற டாக்டரின் போர்டில் 'ஆர்த்தோடான்டிஸ்ட்' என்று பார்த்திருப்பீர்களே, அதற்குள் இருப்பதும் இதே பல்தான். :-)

சரி, நுரையீரல் இல்லை என்பது அவ்வளவு பெரிய விஷயம், அதை விட்டுவிட்டுப் பல்லைப் பிடித்துத் தொங்குவானேன்? விலங்குகளுக்குப் பெயர் வைப்பதில் ஒரு சட்டம் உண்டு. 1758இல் வந்த லின்னேயஸ் புத்தகத்தின் பத்தாம் பதிப்பிலிருந்து கணக்கு ஆரம்பம். அதற்குப் பிறகு முறைப்படி யார் முதலில் வைத்தாரோ அந்தப் பெயர்தான் பொதுவாகச் செல்லும். பின்னால் வந்தவர் எவ்வளவு பொருத்தமான பெயர் வைத்தாலும் வரிசையில் பின்னால்தான். நாங்கள் சரக்குக் கணக்கில் படிக்கிற 'முதலில் வந்தது முதலில்' மாதிரி. பெயர் அர்த்தத்துக்காக இல்லை, அடையாளத்துக்காக. முப்பது வருஷம் ஆனாலும் 'புது பஸ் ஸ்டாண்டு' புது பஸ் ஸ்டாண்டுதானே?

இப்போது மூச்சு விஷயம். இவற்றுக்கு வளர்ந்தபின் நுரையீரலும் இல்லை, செவுளும் (பெரும்பாலானவற்றுக்கு) இல்லை. ஈரமான மெல்லிய தோல், அதற்கு அடியில் நெருக்கமான ரத்த நாளங்கள், கூடவே வாயின் உட்புறச் சவ்வு. ஆக்சிஜன் நேராக அதன் வழியே கரைந்து உள்ளே போகிறது. தோல் காய்ந்தால் மூச்சு நின்றுபோகும். அதனால் குளிர்ச்சி, ஈரம், ஒல்லியான உடம்பு எல்லாம் தேவை. இதில் என்னை அசத்தியது ஒன்று: 2022இல் வெளிவந்த ஓர் ஆய்வின்படி முட்டைக்குள் கருவாக இருக்கும்போது இவற்றுக்கு நுரையீரல் வளர ஆரம்பிக்கிறது, பிறகு அழிந்துவிடுகிறது. கணக்கு ஆரம்பித்து, ஒரு வரவும் எழுதாமல் மூடுகிற மாதிரி.

நுரையீரல் இல்லாமல் போய்த் தோற்றுவிட்டதா என்றால் அதுவும் இல்லை. உலகத்தில் உள்ள சாலமாண்டர் இனங்கள் 800க்கு மேல். அதில் 500க்கு மேல் இந்த ஒரே குடும்பம்.

வார்த்தையைப் பயன்படுத்தும்போதுதான் குழப்பம். 'நுரையீரலற்ற சாலமாண்டர்' என்பதும் 'ப்ளெத்தோடான்டிடே' என்பதும் ஒன்று என்றே பல இடத்தில் எழுதுகிறார்கள். முழுக்கச் சரியில்லை. ஜப்பான், கொரியா, ரஷ்யாவின் கிழக்குக் கோடி ஆகிய இடங்களில் விரலில் நகம் உள்ள ஓனிக்கோடாக்டைலஸ் என்ற சாலமாண்டர் உண்டு. அதற்கும் நுரையீரல் கிடையாது, ஆனால் அது வேறு குடும்பம். அப்படியானால் இந்தக் குடும்பத்துக்கே உரிய அடையாளம் எது? மூக்குத் துவாரத்திலிருந்து மேலுதட்டுக்கு இறங்கும் ஒரு சின்னப் பள்ளம். தரையில் முகத்தைத் தட்டித் தட்டி, அந்தப் பள்ளம் வழியே வாசனையை மூக்குக்கு ஏற்றிக்கொள்ளும்.

'இல்லை' என்பதை வைத்துப் பெயர் சொல்வதில் இன்னொரு ஆபத்தும் இருக்கிறது. போர்னியோவில் ஒரு தவளைக்கு நுரையீரலே இல்லை என்று 2008இல் அறிவித்தார்கள், உலகமே வியந்தது. 2024இல் ஸ்கேன் எடுத்துப் பார்த்தால் குட்டியாக நுரையீரல் இருக்கிறது! பல்லை வைத்துப் பெயர் வைத்த ச்சூடி பிழைத்தார்.

தமிழில் எழுதும்போது நமக்கென்று தனிச் சிக்கல். ஆங்கிலத்தில் பேரினத்தைச் சாய்வெழுத்தில் போடுவார்கள், குடும்பப் பெயரைப் பெரிய எழுத்தில் தொடங்குவார்கள், பொதுவாகச் சொல்லும்போது 'ப்ளெத்தோடான்டிட்' என்று சின்ன எழுத்தில் எழுதுவார்கள். நமக்குப் பெரிய எழுத்து சின்ன எழுத்து எதுவும் இல்லை. அதனால் 'ப்ளெத்தோடான்டிடே குடும்பம்', 'ப்ளெத்தோடான் பேரினம்' என்று கூடவே வாலைச் சேர்த்து எழுதுவதுதான் ஒரே வழி என்பது என் கருத்து. இதை மொழிபெயர்த்தால் என்ன என்று ரூம்மேட்டிடம் கேட்டேன். யோசிக்காமல் "நிறைபல்லி" என்றான். பல் நிறைய, நிறை பல்லி! கேட்க அழகுதான். ஆனால் சாலமாண்டர் பல்லி இல்லையே. பல்லிக்குச் செதில் உண்டு. இது தவளையின் உறவு. பல்லி என்று சொன்ன மறுநொடி நம்ம ஊரில் அது எங்கே விழுந்தால் என்ன பலன் என்று பார்க்க ஆரம்பித்துவிடுவார்கள்.

இந்தக் குடும்பம் நம்ம பக்கம் கிடையவே கிடையாது. அமெரிக்கக் கண்டங்களில்தான் கூட்டம், இத்தாலியையும் அதை ஒட்டிய பிரான்ஸையும் சுற்றிக் கொஞ்சம். ஆசியாவில் இல்லவே இல்லை என்று நினைத்திருந்தார்கள். தென் கொரியாவில் ஆசிரியராக இருந்த அமெரிக்கர் ஸ்டீபன் கார்சன் கல்லைப் புரட்டும்போது ஒன்று கிடைத்தது. 2005இல் அவர் பெயராலேயே கார்சீனியா கொரியானா ஆனது. இந்தியாவில் சாலமாண்டர் பார்க்க வேண்டுமென்றால் டார்ஜிலிங் பக்கமோ வடகிழக்குக்கோ போகணும். அதற்கும் நுரையீரல் உண்டு.

நம்ம மலையில் இருப்பது இன்னொரு சொந்தம்: காலே இல்லாத சிசிலியன். (சிசிலித் தீவுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. லத்தீனில் 'கேக்கஸ்' என்றால் குருடு.) இதற்குத் தோல் வழியாகவும் மூச்சு உண்டு, நுரையீரலும் உண்டு, பெரும்பாலும் இடப்பக்கத்து நுரையீரல் ரொம்பச் சின்னது. பிரேசிலில் நுரையீரலே இல்லாத அட்ரெட்டோகோவானா என்ற ஒன்றும் இருக்கிறது. மேற்குத் தொடர்ச்சி மலைச் சிசிலியன்களின் பெயர்களைப் பாருங்கள். இக்தியோஃபிஸ்: மீன்பாம்பு. மீனும் இல்லை, பாம்பும் இல்லை. கெகெனியோஃபிஸ்: மண்ணில் பிறந்த பாம்பு. அதுவும் பாம்பு இல்லை.

பெயர் வெறும் அடையாளம் என்று மேலே சொன்னேன் இல்லையா, அது புத்தகத்துக்குச் சரி. மலைக்குச் சரிவராது. கம்பத்திலிருந்து தினமும் விடிகாலையில் ஜீப்பில் குமுளி பக்கம் ஏலத் தோட்டத்துக்குப் போகிறவர்களில் எங்கள் அத்தையும் ஒருவர். மழைக்காலத்தில் செடி அடியில் மண்ணைக் கிளறும்போது வழவழவென்று ஒன்று வரும், கூட இருப்பவர்கள் மண்வெட்டியால் ஒரே போடு. போன வருஷம் அத்தை அப்படி ஒன்றைப் போனில் படம் எடுத்து வந்தார். உடம்பெல்லாம் வளையம் வளையமாக, இரண்டு பக்கமும் மஞ்சள் கோடு. இக்தியோஃபிஸ் வகை என்று ரூம்மேட் பார்த்துச் சொன்னான். விஷப் பாம்பு இல்லை அத்தை, தவளை ஜாதி, மண்புழு தின்னும், தாய் முட்டையைச் சுற்றிக்கொண்டு காவல் இருக்கும் என்றேன். அத்தை கேட்டார்: "சரிப்பா, நாளைக்கு அவங்க வெட்ட வரும்போது நான் என்னன்னு சொல்லித் தடுக்க? வெட்டாதீங்க, அது என்னது?"

'இக்தியோஃபிஸ்' என்று கத்த முடியுமா? மீன்பாம்பு என்று மொழிபெயர்த்துக் கத்தினால் பாம்பு என்ற பாதி மட்டும் காதில் விழும், வேலை முடிந்தது.

பெயர் வைத்தால் கவனம் வரும் என்பதற்கும் பக்கத்திலேயே சாட்சி உண்டு. ஸ்ரீவில்லிபுத்தூர் மலைச்சரிவில் கிடைத்த, மண்ணுக்குள் வாழும் ஊதா நிறத் தவளைக்கு 2017இல் நாசிகாபட்ராகஸ் பூபதி என்று பெயர் வைத்தார்கள். 2014இல் மறைந்த ஊர்வன ஆய்வாளர் எஸ். பூபதியின் நினைவாக. கோவை சலீம் அலி மையத்தில் இருந்தவர், மேகமலை ஊர்வனவற்றைப் பற்றி 2013இல் கட்டுரை எழுதியவர். தமிழ்நாட்டுக்காரர் பெயரில் தமிழ்நாட்டு மலைத் தவளை. எங்கள் வகுப்பில் இதைச் சொன்னபோது நாலு பேராவது நிமிர்ந்து பார்த்தார்கள், அது கணக்குப் பதிவியல் வகுப்பில் பெரிய விஷயம்.

அத்தைக்கு இன்னும் பதில் சொல்லவில்லை. 'வளையத் தவளை' என்று ஒன்று வைத்திருக்கிறேன், "தவளைக்குக் கால் எங்கடா?" என்று கேட்பார் என்று பயமாக இருக்கிறது. கூடலூர், போடி, மேகமலைப் பக்கம் தோட்டத்தில் வேலை செய்கிறவர்கள் வீட்டில் யாராவது இதற்குப் பாம்பு என்ற சொல் இல்லாமல் ஒரு பெயர் சொல்லிக் கேட்டிருந்தால் எழுதுங்கள். அடுத்த காய் எடுப்புக்குள் வேண்டும்.