கோட்டையைவிடக் கணவாய் பெரிது

எங்கள் நாமக்கல்லில் கோட்டை என்றால் ஞாயிற்றுக்கிழமை ஏறி இறங்குகிற இடம். கமலாலயக் குளத்தருகே ஒரே பாறையாக நிற்கும் மலை, அதைக் குடைந்து நரசிம்மருக்கும் ரங்கநாதருக்கும் கோயில்கள், உச்சியில் மதில். கைபேசியில் நாலு படம் எடுத்துக்கொண்டு இறங்கிவிடுவோம். அந்த மதிலுக்குள் படை எதற்காக இருந்தது என்பதை எனக்கு விளக்கியது மார்க் வில்க்ஸ் என்ற கிழக்கிந்தியக் கம்பெனிப் பட்டாளத்துக்காரர் எழுதிய மைசூர் வரலாறு.

வில்க்ஸ் சென்னைப் படை அதிகாரி. 1803 முதல் 1808 வரை மைசூர் ரெசிடெண்டாக இருந்தவர். மூன்று பாகங்களாக 1810க்கும் 1817க்கும் இடையே நூல் வெளிவந்தது. நடுவில் செயின்ட் ஹெலினா தீவுக்குக் கவர்னராகப் போனார். 1815இல் நெப்போலியன் கைதியாக வந்திறங்கியபோது தீவின் பொறுப்பில் இருந்தவர் இவர்தான். அப்படிப்பட்டவர் தொப்பூரையும் நாமக்கல்லையும் பற்றி எழுதியிருக்கிறார் என்பதே முதலில் எனக்கு வியப்பாக இருந்தது.

அவர் சொல்லும் 1768ஆம் ஆண்டுக் கதையைப் பாருங்கள். கம்பெனித் தளபதி கர்னல் வுட் சேலம், ஆத்தூர், நாமக்கல், ஈரோடு என்று கோட்டை கோட்டையாகப் பிடித்துக்கொண்டே போனார். பிடித்த இடத்திலெல்லாம் கொஞ்சம் சிப்பாய்களைக் காவலுக்கு விட்டார். கடைசியில் வெட்டவெளியில் நின்று சண்டை போடப் போதிய ஆள் இல்லை. ஆண்டு முடிவதற்குள் மைசூரை ஆண்ட ஹைதர் அலி தருமபுரிப் பக்கத்துப் பாரமகால் வழியாக இறங்கி, பறிகொடுத்த கோட்டைகளை ஒவ்வொன்றாகத் திருப்பிக்கொண்டார். 1769 மார்ச்சில் அவருடைய குதிரைப்படை சென்னை வாசலில் நின்றது. ஏப்ரலில் கம்பெனி உடன்படிக்கைக்கு இறங்கி வந்தது. மதிலை நம்பியவர் தோற்றார், வழியை அறிந்தவர் வென்றார்.

வழி என்றால் இங்கே தொப்பூர்க் கணவாய். தருமபுரியிலிருந்து சேலத்துக்கு லாரி ஓட்டுகிறவர்கள் இன்றும் அந்த இறக்கத்தில் பிரேக் சூடேறாமல் இருக்கக் கியரைக் குறைத்து, மூச்சைப் பிடித்துக்கொண்டுதான் இறங்குகிறார்கள். 1790 நவம்பரில் ஹைதரின் மகன் திப்புவின் படை அதே கணவாயில் பீரங்கிகளோடு இறங்கியது. பின்னால் கம்பெனித் தளபதி ஜெனரல் மெடோஸின் படை. நெருங்கித் தாக்கியிருக்க வேண்டிய நேரத்தில் ஆங்கிலப் படை தயங்கியது. திப்பு நழுவித் திருச்சிப் பக்கம் போய்விட்டார். தன் தரப்புத் தளபதிகளின் சொதப்பலையும் மறைக்காமல் எழுதுவது வில்க்ஸின் பலம்.

பலவீனமும் உண்டு. ஹைதரிடம் மரியாதை காட்டும் பேனா திப்புவிடம் கடுமையாகிவிடுகிறது. அதனால் கிர்மானியையும் கூடவே படிக்க வேண்டும். ஹைதரிடமும் திப்புவிடமும் இருந்தவர், பாரசீகத்தில் எழுதியவர். கர்னல் மைல்ஸின் ஆங்கில மொழிபெயர்ப்பு 1842இலும் 1864இலும் வந்தது. கிர்மானி எஜமானரைப் புகழ்வார், வில்க்ஸ் எதிரியை இகழ்வார். இரண்டையும் பக்கத்தில் வைத்தால்தான் நடந்தது ஓரளவு பிடிபடும்.

ஆனால் இருவரிடமும் கிடைக்காதவர் ஒருவர் இருக்கிறார்: எங்கள் ஊர்க் குடியானவர். படை தங்கினால் சோளக்காட்டில் குதிரை மேயும், வண்டி மாடு பிடிபடும், குதிரின் அடி தெரியும். புத்தகத்தில் அதெல்லாம் ‘தீவனம் கிடைத்தது’ என்ற அளவில் முடிந்துவிடும். கதையும் 1799இல் திப்புவின் ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்ததோடு நின்றுவிடும். 1805இல் சங்ககிரியில் கம்பெனியை எதிர்த்த தீரன் சின்னமலையைத் தூக்கிலிட்டது அதற்கு அப்பால். 1971இல் கே. ராஜய்யன் தென்னிந்தியக் கிளர்ச்சி பற்றி எழுதிய நூல் 1800, 1801ஆம் ஆண்டுகளை இந்தப் பக்கத்து மனிதர்களின் போராக எடுத்துக்கொண்டது. அந்தத் திருப்பம் வர அத்தனை காலம் ஆயிற்று.

வரலாறு கற்பிக்கும் ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். பிள்ளைகளை மலைக்கோட்டைக்கு அழைத்துப் போங்கள்; அத்தோடு தொப்பூருக்கும் சங்ககிரிக்கும் அழைத்துப் போங்கள். கையில் வில்க்ஸ் இருக்கட்டும். அவர் விட்டுவிட்டுப் போனதை ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டு எழுதி வாங்குங்கள். அந்தப் பாகத்தை வேறு யாரும் நமக்காக எழுதப் போவதில்லை.