கதவைப் பூட்டியாயிற்று, கேமராவை?

கிள்ளான் துறைமுகத்திற்குத் தெற்கே அமைந்துள்ளது கேரி தீவு. பரந்து கிடக்கும் செம்பனைத் தோட்டங்களும் மா மெரி பழங்குடியினரின் மரச்சிற்பங்களும் அத்தீவிற்குப் பெயர் தேடித் தந்துள்ளன. தமிழர்களும் பல தலைமுறைகளாக அத்தோட்டங்களில் உழைத்து வந்துள்ளனர்.

அன்றைய தோட்ட வாழ்க்கையில் வீட்டிற்குக் காவல் அண்டை வீட்டார்தாம். வெளியூர் செல்பவர்கள், “வீட்டைக் கொஞ்சம் பார்த்துக்கோங்க, அக்கா” என்று சொல்லிவிட்டுப் புறப்படுவார்கள். லயத்தில் எல்லாரும் எல்லாருடைய வீட்டையும் பார்த்துக்கொண்டார்கள். ஆனால், பார்ப்பவர் யார் என்பது வீட்டாருக்குத் தெரிந்திருந்தது.

இன்று நிலைமை வேறு. பிள்ளைகள் வேலையின் பொருட்டுக் கிள்ளானுக்கும் கோலாலம்பூருக்கும் குடிபெயர்ந்துவிட்டனர். தீவில் தனித்திருக்கும் வயதான பெற்றோர் மாத்திரை சாப்பிட்டார்களா, வழுக்கி விழாமல் இருக்கிறார்களா என்ற கவலை அவர்களுக்கு. ஆகவே, கூடத்தில் ஒரு கேமராவைப் பொருத்துகிறார்கள். பிரிக்ஃபீல்ட்ஸ் அலுவலகத்தில் இருந்தபடியே திறன்பேசியில் அம்மாவின் முகத்தைப் பார்க்க முடிகிறது. அன்பினால் பொருத்தப்பட்ட கருவிதான் அது. ஆயினும், மகன் பார்க்கும் அதே காட்சியை வேறொருவரும் பார்த்துக்கொண்டிருந்தால்?

இஃது வெறும் கற்பனை அன்று. 2020ஆம் ஆண்டு அக்டோபர் மாதம், சிங்கப்பூர் வீடுகளில் இருந்த கேமராக்களின் காட்சிகள் திருடப்பட்டு இணையத்தில் பரப்பப்பட்ட செய்தி வெளியானது. தென் கொரியாவில் 120,000க்கும் மேற்பட்ட கேமராக்களை ஊடுருவியதாக நால்வர் கைது செய்யப்பட்டதை 2025ஆம் ஆண்டின் இறுதியில் அந்நாட்டுக் காவல்துறை அறிவித்தது. ஒரே எழுத்தைத் திரும்பத் திரும்ப எழுதியும் எண்களை வரிசையாக அடுக்கியும் அமைத்த எளிய கடவுச்சொற்களே அவர்களுக்கு வழிவிட்டன.

கேமரா தொழிற்சாலையிலிருந்து வரும்போதே அதற்கு ஒரு பயனர் பெயரும் கடவுச்சொல்லும் இருக்கலாம். ஒரே வகைக் கேமராக்கள் ஆயிரக்கணக்கானவற்றுக்கு அவை ஒன்றாகவே இருப்பதுண்டு. இணையத்தில் திறந்திருக்கும் கருவிகளை இரவு பகலாகத் தேடும் நிரல்கள் உள்ளன. 2016ஆம் ஆண்டில் பரவிய ‘மிராய்’ என்னும் தீநிரல், ஏறத்தாழ 60 தொழிற்சாலைக் கடவுச்சொற்களை மட்டுமே முயன்று பார்த்து, உலகெங்கும் உள்ள கேமராக்களையும் பிற கருவிகளையும் கைப்பற்றியது. அவற்றைக் கொண்டு அவ்வாண்டு அக்டோபர் 21ஆம் நாள் தொடுத்த தாக்குதலால், அமெரிக்காவில் புகழ்பெற்ற பல இணையத்தளங்கள் முடங்கின. கேமராக்கள் வழக்கம்போல் இயங்கியதால், உரிமையாளர்கள் பலருக்கு எதுவுமே தெரியவில்லை. காவலுக்கு வைத்த கருவியே கேடு செய்வது, வேலியே பயிரை மேய்ந்தது போலத்தான்.

இதற்குத் தீர்வு கேமராவைக் கழற்றி எறிவதன்று. அதற்கும் ஒரு பூட்டுப் போடுவதே. முதல் வேலையாக, தொழிற்சாலைக் கடவுச்சொல்லை மாற்ற வேண்டும். புதியது நீளமாகவும் வேறெந்தக் கணக்கிலும் பயன்படுத்தாததாகவும் இருத்தல் வேண்டும். இரட்டைச் சரிபார்ப்பு வசதி இருந்தால் அதனை இயக்க வேண்டும். அப்போது கடவுச்சொல் திருடு போனாலும் அது மட்டும் போதாது. நிறுவனம் வெளியிடும் மென்பொருள் புதுப்பிப்புகள், கண்டறியப்பட்ட ஓட்டைகளை அடைப்பவை. அவற்றைத் தள்ளிப்போடக்கூடாது. வீட்டு இணையத்தின் ‘வைஃபை’ கடவுச்சொல்லையும் மாற்றுவது நல்லது. பழைய கேமராவை விற்கும் முன் அதிலுள்ள பதிவுகளையும் கணக்கையும் அழித்துவிட வேண்டும்.

பொருத்தும் இடமும் முக்கியம். வாசலையும் கூடத்தையும் நோக்கலாம். படுக்கையறைக்கும் குளியலறைக்கும் கேமரா வேண்டா. பக்கத்து வீட்டு முற்றம் காட்சியில் விழாதபடி திருப்பி வைப்பது அண்டை வீட்டாருக்குக் காட்டும் மரியாதை.

பிறர் கணினிக் கருவிக்குள் அனுமதியின்றி நுழைவது, மலேசியாவின் 1997ஆம் ஆண்டு கணினிக் குற்றச் சட்டத்தின்படி குற்றமாகும். அதற்கு 50,000 ரிங்கிட் வரை அபராதம், ஐந்தாண்டு வரை சிறை, அல்லது இரண்டுமே விதிக்கப்படலாம். ஊடுருவல் குறித்து ஐயம் எழுந்தால், சைபர்999 உதவி மையத்திடம் புகார் செய்யலாம். எனினும், சட்டம் வருவது தவறு நடந்த பிறகே. வருமுன் காப்பது வீட்டாரின் கையில் உள்ளது.

திறன்பேசியை எளிதாகக் கையாளும் இளையோரே பல வீடுகளில் கேமராவை அமைத்துக் கொடுக்கின்றனர். ஆகவே, இப்பொறுப்பும் அவர்களையே சேரும். கேமராவின் முன் நாள் முழுதும் நடமாடும் பாட்டி ஒருநாள், “இதுல யாரெல்லாம் என்னைப் பார்க்கறாங்க, ஐயா?” என்று கேட்கக்கூடும். தயங்காமல் பெயர் சொல்லிப் பதிலளிக்க முடிந்தால், அந்த வீடு பாதுகாப்பான வீடு.