நீலப் பலகையும் தங்கச்சியின் கடிதமும்

லண்டனுக்குப் போய் வந்தவர்கள் எழுதும் கட்டுரைகளில் பெரிய மணிக்கூட்டுக் கோபுரம் இருக்கும், அரண்மனை வாசல் இருக்கும், தேம்ஸ் நதி இருக்கும். 2025 ஓகஸ்ட், செப்டம்பர் மாதங்களில் நானும் அங்கு ஆறு வாரம் தங்கியிருந்தேன். அவற்றையெல்லாம் பார்க்கவும் செய்தேன். ஆனால் ஊர் திரும்பிய பின்னரும் என் மனதை விட்டுப் போகாமல் நிற்பது, ரோட்டோரக் கம்பமொன்றில் இருந்த ஒரு நீலப் பலகைதான். அதனால் என் தங்கச்சிக்கு 160 பவுண் தண்டம் வந்தது. அந்தத் தண்டத்துக்குப் பாதிக் காரணம் நான் என்பதையும் முதலிலேயே சொல்லி விடுகிறேன்.

லண்டனின் பெரிய வீதிகளில் இடது ஓரத்தைத் தடித்த வெள்ளைக் கோடு போட்டுப் பிரித்து, பஸ்ஸுக்கென்று ஒதுக்கியிருக்கிறார்கள். இதை பஸ் ஒழுங்கை என்கிறோம். நம் ஊரில் ஒழுங்கை என்றால் இரண்டு வேலிகளுக்கு நடுவே போகும் சிறு பாதை நினைவுக்கு வரும், இது அதுவல்ல. லண்டனில் முதலாவது பஸ் ஒழுங்கை 1968 பெப்ரவரியில் வொக்ஸ்ஹோல் பாலத்தில் போடப்பட்டது. ஏற்பாடு நல்லதுதான். ஒருவர், இருவர் மட்டும் இருக்கும் கார்கள் வரிசையாக நிற்க, அறுபது எழுபது பேரை ஏற்றிய பஸ் அவற்றின் பின்னால் ஏன் காத்துக் கிடக்க வேண்டும்? வாரநாட்களில் பள்ளிவாசலுக்கு நான் பஸ்ஸில்தான் போனேன். மாடி பஸ்ஸின் மேல்தட்டில் உட்கார்ந்து, அசையாமல் நிற்கும் கார்களைக் கடந்து போகும்போது ஒரு சுகம் இருக்கத்தான் செய்தது. கடந்து போன கார்களில் ஒன்றில் என் மச்சானும் இருந்திருக்கலாம்.

தங்கச்சியின் கணவராகிய அந்த மச்சான் வாடகைக் கார் ஓட்டுகிறார். பஸ் ஒழுங்கையின் நீலப் பலகையில் பஸ்ஸின் படமும் சைக்கிளின் படமும் இருக்கும். கீழே டாக்சி என்று எழுதியிருக்கும். அப்படியானால் மச்சான் அதில் போகலாமே என்று நான் நினைத்தேன். அவருடைய காரில் ஏறுகிறவர்களில் பாதிப் பேரும் அப்படித்தான் நினைக்கிறார்களாம். "டாக்சிதானே, அந்தப் பக்கத்தால் போங்களேன்" என்று பின் ஆசனத்திலிருந்து சொல்வார்களாம். ஆனால் அந்நாட்டுச் சட்டத்தில் டாக்சி என்பது, கூரையில் செம்மஞ்சள் விளக்கு எரியும் கறுப்பு வண்டியை மட்டுமே குறிக்கும். மச்சான் ஓட்டுவது முன்கூட்டியே பதிவு செய்து ஏறும் வாடகைக் கார். பயணியை ஏற்றவோ இறக்கவோ மட்டும் அவர் அந்த ஒழுங்கைக்குள் போகலாம். நேராக ஓடிப் போக முடியாது.

இதென்ன பாரபட்சம் என்று நான் கேட்டபோது மச்சான் கோபப்படவில்லை. கறுப்பு டாக்சியைத் தெருவில் நின்று கைகாட்டி மறிக்கலாம். கட்டணம் மீட்டர்படிதான். சக்கர நாற்காலி ஏற வசதி இருக்க வேண்டும். அதன் சாரதிகளில் பெரும்பாலானோர் சாரிங் குரொஸ் என்னும் இடத்தைச் சுற்றி ஆறு மைல் தூரத்துக்குள் இருக்கும் சுமார் 25,000 வீதிகளையும் மனனம் செய்து, வருடக் கணக்கில் பரீட்சை எழுதித்தான் அந்த அனுமதியைப் பெறுகிறார்கள். அரபுக் கல்லூரியில் ஹிப்ழு வகுப்புப் பிள்ளைகளைப் பார்த்துப் பழகிய எனக்கு அந்தச் சாரதிகள் மீது ஒரு மரியாதையே பிறந்தது. வாடகைக் கார்க் கம்பனியொன்று இந்த வேறுபாட்டை எதிர்த்து வழக்குத் தொடுத்து, விஷயம் லக்ஸம்பேர்க்கிலுள்ள ஐரோப்பிய நீதிமன்றம் வரை போனது. 2015 ஜனவரியில் அங்கும் லண்டனின் ஏற்பாட்டுக்குச் சாதகமாகவே தீர்ப்பு வந்தது. மச்சானும் ஒரு முறை, விமானத்தைப் பிடிக்க அந்தரப்பட்ட பயணியின் பேச்சைக் கேட்டு ஒழுங்கைக்குள் போய்த் தண்டம் கட்டியிருக்கிறார். "பலகை தெளிவாத்தான் இருந்துது. பிழை என்ட. கட்டினேன்" என்றார். அதோடு அந்தக் கதை முடிந்தது.

தங்கச்சியின் கதை அவ்வளவு சுலபமாக முடியவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை. நகரின் மற்றப் பக்கத்தில் ஒரு நிக்காஹ். மச்சான் வேலைக்குப் போயிருந்தார். தங்கச்சி தன் சிறிய காரை எடுத்தாள். நான் முன்னால், பிள்ளைகள் இருவரும் பின்னால். பதினொரு மணிக்கு நிக்காஹ். பத்தே முக்கால் ஆகியும் நாங்கள் வாகன வரிசையில் நின்றோம். இடப்பக்கம் பஸ் ஒழுங்கை வெறுமையாகக் கிடந்தது. பலகையை வாசித்தேன்: திங்கள் முதல் சனி வரை, காலை 7 முதல் 10 வரை, மாலை 4 முதல் 7 வரை. "தங்கச்சி, இன்டைக்கு ஞாயிறு அல்லவா? தடையில்லையே, போ" என்றேன். அவள் தயங்கினாள். நான் மறுபடியும் சொன்னேன். போனாள். அந்த ஒழுங்கை முடிந்து, சிக்னல் விளக்கைத் தாண்டியதும் இன்னொரு பஸ் ஒழுங்கை தொடங்கியது. அதே ரோடு, அதே ஞாயிறு என்று அதிலும் போனோம். நிக்காஹ்வுக்குச் சரியான நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தோம். பிரியாணியும் நன்றாக இருந்தது.

இரண்டு வாரத்தில் கடிதம் வந்தது. கார் தங்கச்சியின் பெயரில் பதிவாகியிருப்பதால் கடிதமும் அவள் பெயருக்கே. உள்ளே எங்கள் காரின் படம், திகதி, நேரம், விநாடி உட்பட. தண்டம் 160 பவுண். 14 நாட்களுக்குள் கட்டினால் பாதி, அதாவது 80. எதுவும் செய்யாமல் விட்டால் 240 வரை ஏறும். நம் நாட்டில் பல காலமாக இருந்த வழக்கம் சகோதரிகளுக்குத் தெரியும்: பொலிஸ்காரர் விசில் அடித்து நிறுத்துவார், துண்டு எழுதித் தருவார், தபாற்கந்தோரில் பணம் கட்டி அனுமதிப்பத்திரத்தை மீட்டுக்கொள்ள வேண்டும். நல்லதோ கெட்டதோ, எதிரே ஒரு மனிதர் நிற்பார்; என்ன பிழை என்றாவது கேட்கலாம். அங்கே 1996ஆம் ஆண்டுச் சட்டமொன்றின் பின் பஸ் ஒழுங்கை விஷயம் உள்ளூர்ச் சபைகளின் கைக்கும் வந்து விட்டது. கம்பத்தின் மேலிருந்து கமெரா பார்க்கிறது. தபாலில் கடிதம் வருகிறது.

தங்கச்சி அந்தக் கடிதத்தை இரண்டு நாள் மச்சானிடம் காட்டவில்லை. சமையலறையில் அரிசி வாளிக்கு மேல் இருந்ததைக் கண்டு நான்தான் கேட்டேன். எனக்கு வெட்கமாகிப் போய்விட்டது. வழியில் போனவளை வற்புறுத்தியவன் நான். 80 பவுணை எண்ணி எடுத்துக் கொடுத்தேன். வாங்கவில்லை. மச்சானும் அன்றிரவு, "பாதியக் கட்டிட்டு நிம்மதியா இருப்பம்" என்றார். அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. வாதாடித் தோற்றால் 80 போய் 160 ஆகிவிடலாம். அது அவருடைய உழைப்பு. அந்தப் பாதித் தொகைச் சலுகையில் ஒரு சூட்சுமமும் இருக்கிறது. குற்றம் செய்தவனுக்கு அது இரக்கம். குற்றமா இல்லையா என்று தெரியாதவனுக்கோ, கேள்வி கேட்காதே என்று வாயில் வைக்கும் விரல்.

"நானா, பிழை செஞ்சிருந்தா முழுசாவே கட்டுவேன். பிழையா இல்லையா என்று பாக்காம எப்படிக் கட்டுற?" என்றாள் தங்கச்சி.

மறுநாள் பிள்ளைகளைப் பாடசாலையில் விட்டுவிட்டு, பஸ் ஏறி அந்த இடத்துக்குப் போனோம். முதலாவது ஒழுங்கையில் நான் வாசித்தது சரியே. சிக்னலைத் தாண்டி இரண்டாவது ஒழுங்கை தொடங்குமிடத்தில் நீலப் பலகை இருந்தது. பஸ், சைக்கிள், டாக்சி எல்லாம் இருந்தன. நேரம் மட்டும் இல்லை. எனக்கு உற்சாகம். "பாத்தியா, நேரமே போடல்லையே" என்றேன். தங்கச்சியின் முகம் வாடியது. நேரம் போடாத பலகை என்றால் இருபத்து நான்கு மணித்தியாலமும், ஏழு நாளும் தடை என்பது அந்நாட்டு விதி. எழுதியதை வாசித்துக் கீழ்ப்படிவது ஒரு மாதிரி. எழுதாமல் விட்டதையும் வாசிக்க வேண்டும் என்றால் புதிதாக வந்தவன் என்ன செய்வான்?

இந்தக் குழப்பத்துக்கு ஒரு காரணம் உண்டு. லண்டனில் முப்பத்திரண்டு மாநகரப் பிரிவுச் சபைகளும் சிட்டி எனப்படும் பழைய நகரின் சபையும் இருக்கின்றன. அவற்றுக்கு மேலாகப் பிரதான வீதிகளை, அதாவது மொத்த வீதிகளில் சுமார் 5 வீதத்தை, முழு லண்டனுக்குமான போக்குவரத்து அதிகார சபை நிர்வகிக்கிறது. அந்த அதிகார சபை 2021 டிசம்பரில் தன் பஸ் ஒழுங்கைகளில் பெரும்பாலானவற்றை முழு நேரத் தடையாக நிரந்தரமாக்கியது. மற்றச் சபைகள் தத்தம் வீதிகளுக்குத் தாமே நேரம் வகுக்கின்றன. மோட்டார் சைக்கிள்களுக்கும் இதே கதிதான்: பிரதான வீதிகளின் ஒழுங்கைகள் பெரும்பாலானவற்றில் 2012 முதல் அவை போக நிரந்தர அனுமதி உண்டு, சில சபைகளின் ஒழுங்கைகளில் இல்லை. சாப்பாடு கொண்டு ஓடும் இளைஞன் ஒரு சந்தியைத் தாண்டும்போது, தான் எந்தச் சபையின் எல்லைக்குள் நுழைகிறான் என்பதை எப்படி அறிவான்? சில இடங்களில் தரைக்குச் சிவப்பு வர்ணமும் பூசியிருக்கிறார்கள். சட்டப்படி அந்த வர்ணத்துக்கு ஓர் அர்த்தமும் இல்லை என்பதையும் அங்கேதான் அறிந்துகொண்டேன்.

சரி, தோற்றுவிட்டோம் என்று திரும்பி நடந்தோம். அப்போதுதான் தங்கச்சி நின்றாள். அதே இரண்டாவது ஒழுங்கையில், தொடக்கப் பலகையிலிருந்து சுமார் நூறு அடி தள்ளி, ஒரு மரத்துக்குப் பக்கத்து விளக்குக் கம்பத்தில் இன்னொரு நீலத் தகடு. கொஞ்சம் மங்கிப் போயிருந்தது. அதில் நேரம் இருந்தது: திங்கள் முதல் சனி வரை, 7 முதல் 10, 4 முதல் 7. பழைய ஏற்பாட்டின் தகடு; புதியதைப் போட்டவர்கள் இதைக் கழற்ற மறந்திருக்க வேண்டும். ஒரே ஒழுங்கைக்கு இரண்டு சட்டம்.

எனக்குள்ளிருந்த ஆசிரியன் எழுந்துவிட்டான். இரண்டு வசனங்கள் முரண்பட்டால் எது முந்தியது, எது பிந்தியது என்று பார்க்க வேண்டும். பிந்தியது முந்தியதை மாற்றிவிடும். ஆனால் திகதி தெரியாவிட்டால் அப்படித் தீர்க்க முடியாது, இந்தப் பலகைகளில் திகதி இல்லையே என்று நடுத்தெருவில் நின்று விளக்கினேன். "நானா, இத எழுதினா அவங்க சிரிப்பாங்க. நகருங்க, படம் எடுக்கணும்" என்றாள்.

முதலில் தொடக்கப் பலகையை எடுத்தாள். பிறகு மங்கிய தகட்டைக் கிட்டவும், எட்டவும். கடைசியாக இரண்டும் ஒரே படத்தில் வரும்படி ரோட்டின் மறுபக்கம் போய் நின்று எடுத்தாள். என்னை நடக்கவிட்டு அடிகளையும் எண்ணச் சொன்னாள். அன்றிரவு பாத்திரம் கழுவி முடித்த பின் உட்கார்ந்து கடிதம் எழுதினாள். ஒரு பக்கம்தான். தன்னை ஏழை என்றோ, அவசரம் என்றோ, தெரியாமல் நடந்தது என்றோ ஒரு வரியும் இல்லை. இந்த இடத்தில் இந்தப் பலகை, இத்தனை அடி தள்ளி இந்தத் தகடு, இரண்டும் வேறு நேரம் சொல்கின்றன, படங்கள் இணைக்கப்பட்டுள்ளன. அவ்வளவே. ஊரில் உயர்தரம் வரை படித்துவிட்டு நின்றவள். வாப்பா இருந்திருந்தால் அந்தக் கடிதத்தைப் பார்த்துச் சந்தோஷப்பட்டிருப்பார்.

பதில் வருமுன் நான் ஊருக்கு வந்துவிட்டேன். நிராகரித்து விட்டார்கள். தொடக்கத்திலுள்ள பலகை போதுமானதாம். தகட்டைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லை. மச்சான் தொலைபேசியில், "நான் அப்பவே சொன்னேன்" என்றார். ஆனால் சபை மறுத்தாலும் 28 நாட்களுக்குள் சுயாதீனத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். அதற்குக் கட்டணமும் இல்லை. அங்கே தீர்ப்புச் சொல்பவர்கள் சபையின் ஆட்கள் அல்லர், சட்டத்தரணிகள். தங்கச்சி அங்கும் அதே படங்களை அனுப்பினாள். தொலைபேசியிலேயே விசாரணை. சபையார் சமர்ப்பித்ததில் தொடக்கப் பலகையின் படம் மட்டும் இருந்ததாம். படங்களை எப்போது எடுத்தீர்கள், இரண்டுக்கும் இடையில் எவ்வளவு தூரம் என்று கேட்டார்களாம். எண்ணி வைத்திருந்த அடிகளைச் சொன்னாளாம். தண்டம் ரத்தாகிவிட்டது, அல்ஹம்துலில்லாஹ்.

இச்செய்தியை அவள் குரல் பதிவாக அனுப்பியிருந்தாள். பின்னால் பிள்ளைகள் சத்தம் போடுவது கேட்டது. சென்ற வாரம் மறுபடியும் பேசினோம். அந்தப் பக்கம் பஸ்ஸில் போனாளாம். மங்கிய தகடு இன்னும் அதே கம்பத்தில்தான் இருக்கிறதாம்.