பாம்பென்று பெயர் பெற்றவன்

சாமுராய் என்றதும் குரோசவாவின் படங்களே நம் நினைவில் எழுகின்றன. அவற்றுக்கு முந்தைய மௌனப்பட உலகை நாங்கள் அறிந்திருக்கவில்லை. அண்மையில் ஓர் இரவு நண்பர்கள் மூவர் கூடி, புந்தாரோ ஃபுதாகவா இயக்கிய ‘ஒரோச்சி’ (1925) திரைப்படத்தைக் கணினியில் கண்டோம்.

ஜப்பானில் மௌனப்படங்கள் மௌனமாக ஓடியதில்லை. ‘பென்ஷி’ எனப்படும் கதைசொல்லி திரையருகே இருந்து, பாத்திரங்கள் அனைத்துக்கும் தாமே குரல் கொடுப்பார். எங்களுக்கு அந்த நற்பேறு வாய்க்கவில்லை. திரையில் தோன்றிய வாசகங்களை எங்களுள் ஒருவர் தமிழாக்கி உரக்கச் சொல்ல, மற்ற இருவரும் கேட்டிருந்தோம்.

ட்சுமாசபுரோ பாண்டோ ஏற்ற ஹெய்சபுரோ, கீழ்நிலைச் சாமுராய், நேர்மையானவன், முன்கோபியுங்கூட. அநீதியை எதிர்க்கும்போதெல்லாம் பழி அவன்மீதே விழுகிறது. ஆசானால் விலக்கப்பட்டு, சிறை கண்டு, போக்கிரியென்றே பெயரெடுக்கிறான். ஊரார் போற்றும் பெரியமனிதனோ உள்ளூரக் கயவன். தான் முன்னர் நேசித்தவளையும் அவள் கணவனையும் காக்க அக்கயவனை வெட்டுகிறான், பெருங்கூட்டமாய்ச் சூழ்ந்த காவலரோடு நெடுநேரம் பொருதுகிறான், இறுதியில் பிடிபடுகிறான்.

‘போக்கிரி’ என்று பொருள்படும் முதற்பெயரைத் தணிக்கையாளர் ஏற்காமையால், பெரும்பாம்பைக் குறிக்கும் ‘ஒரோச்சி’ என்ற பெயர் சூட்டப்பட்டது. பொதுவுடைமையாளரை ஒடுக்கப் பயன்பட்ட அமைதிப் பாதுகாப்புச் சட்டம் பிறந்ததும் அதே 1925இல்தான். நிகழ்காலத்தை நேரே பேசவியலாத கலைஞர்கள், தோக்குகவா காலத்து உடையணிந்து பேசினார்களோ என்று எண்ணத் தோன்றுகிறது. 1927இல் இதோ தைசுகே மூன்று பாகங்களாக எடுத்த ‘சூஜியின் பயணக் குறிப்புகள்’ படத்தின் நாயகனும் அதிகாரத்தால் துரத்தப்படும் சூதாடியே. தொலைந்துபோனதாகக் கருதப்பட்ட அப்படத்தின் சில பகுதிகள் 1991இல் கிடைத்தன, முழுமையாக அன்று.

இறுதிச் சண்டையின்போது எங்கள் ‘பென்ஷி’ வாய்மூடிவிட்டார். படம் முடிந்தும் எவரும் பேசவில்லை. பின்னர் அவரே மெல்லக் கேட்டார்: “அவன் பக்கத்து நியாயத்தை நாம் ஒருநாளாவது கேட்டோமா?”

யாரைச் சொல்கிறார் என்று விளக்க வேண்டியிருக்கவில்லை. முன்பு நாங்கள் நால்வராக இருந்தோம். பிறர் சொன்ன ஒரு பழியை நம்பி, விசாரியாமலே ஒருவனை விலக்கினோம். அவனும் முன்கோபிதான், அக்கோபத்தையே குற்றத்துக்குச் சான்றாகக் கொண்டோம்.

அன்றிரவே மூவரும் கையொப்பமிட்டு அவனுக்கு மடல் எழுதினோம். மறுமொழி இன்னும் வரவில்லை. வராது போயினும், அவனைக் குறைசொல்லும் தகுதி எங்களுக்கு இல்லை.